ஏழாவது டிஸ்க்

கம்ப்யூட்டரில் ஏற்றிக்கொண்டிருந்த ஆட்டம் ஏழாவது டிஸ்க்கில் வந்து நின்றுவிட்டது. திரையில் ஊர்ந்துகொண்டிருந்த நீலக்கோடு அறுபத்திரண்டு சதவீதத்தில் கட்டையாகக் கிடந்தது. ஃப்ளாப்பி டிரைவ் மட்டும் கரக் கரக்கென்று எதையோ மென்று துப்ப முடியாமல் தவித்தது. பிறகு சாம்பல் நிறத்தில் ஒரு பெட்டி வந்தது. டிஸ்க்கைப் படிக்க முடியவில்லை, மறுபடி முயலவா, விட்டுவிடவா என்று கேட்டது. மணி ஏழு பத்து. எட்டு மணிக்கு அமெரிக்காவில் ஒருவன் இதே ஆட்டத்தைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான். ஒன்பது வரை பார்ப்பான். அதற்குமேல் பார்க்கமாட்டான். நான் மறுபடி முயலச் சொன்னேன். மறுபடியும் அதே கரக் கரக்.

"என்னாச்சும்மா?" என்றார் பின்னாலிருந்து சுந்தரராஜுலு.

"ஒண்ணுமில்லீங்க சார். சித்தே மெதுவாப் படிக்குது."

கம்ப்யூட்டர் ரிப்பேருக்குப் போகிறவர்கள் முதலில் கற்றுக்கொள்ளும் பொய் இதுதான். ஆறே முக்காலுக்கு நான் வந்ததிலிருந்து அவர் பிரம்பு நாற்காலியில் பேப்பரை விரித்துப் பிடித்தபடி இருந்தார். ஒரு பக்கம்கூடத் திருப்பவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் குளித்து, சலவைச் சட்டை போட்டு, தலையைப் படிய வாரி உட்கார்ந்திருந்த மனிதரை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு வேலை செய்வது எவ்வளவு கஷ்டம் என்று எனக்குத்தான் தெரியும்.

அப்போது நான் கிராஸ்கட் ரோட்டில் ஒரு கம்ப்யூட்டர் கடையில் வேலை பார்த்தேன். என் பெயர் சென்னியம்மாள். இந்தப் பெயரோடு டூல் பையைத் தூக்கிக்கொண்டு போனால், "இஞ்சினியர் எப்பங்க வருவாரு?" என்று பாதி வீடுகளில் என்னிடமே கேட்பார்கள். தொண்ணூற்றெட்டில் இன்டர்நெட் இருந்த வீடுகளே சொற்பம். வெளிநாட்டில் பிள்ளைகள் இருப்பவர்களுக்கு இ-மெயில் எங்கள் கடை முகவரிக்குத்தான் வரும். அச்செடுத்து, உறையில் போட்டு ஒட்டி, ஆள் மூலம் அனுப்பிவைப்போம். படிக்கக் கூடாதுதான். அச்செடுக்கிறவள் கண்ணை மூடிக்கொள்ளவா முடியும்? ஊரில் கால்வாசிப் பேரின் அமெரிக்கக் கவலைகள் எனக்கு அத்துப்படி.

யஷ்வந்தின் கடிதம் பத்து நாளைக்கு முன்னால் வந்தது. சுந்தரராஜுலுவின் ஒரே மகன். இரண்டு வருஷத்துக்கு முன் அங்கேயே ஒரு குஜராத்திப் பெண்ணைக் கட்டிக்கொண்டு, கல்யாண போட்டோவை மட்டும் பீளமேட்டில் இந்த வீட்டுக்கு அனுப்பினான். இவர் பூஜை அறையில் சூடத்தை ஏற்றி, "இனி அவனோட வாய் பேசமாட்டேன்" என்று சொல்லி அணைத்துவிட்டார். அன்றிலிருந்து போன் அடித்தால் எழுந்து தோட்டத்துக்குப் போய்விடுவாராம். போனும் மெல்ல மெல்ல நின்றுபோனது. பிறகுதான் இந்தக் கடிதம். அப்பா என்னோடு பேச வேண்டாம். சிறு வயதில் கிளப்பில் எனக்கு பில்லியர்ட்ஸ் சொல்லிக்கொடுத்தாரே, அந்த ஆட்டம் இப்போது கம்ப்யூட்டரில் வந்திருக்கிறது, இங்கிருந்து நானும் அங்கிருந்து அவரும் ஆடலாம், ஒரு வார்த்தை பேச வேண்டியதில்லை. நாலாம் தேதி ஞாயிறு, அங்கே காலை எட்டு மணி. ஒன்பது வரை பார்ப்பேன். வரவில்லை என்றால் வேண்டாம் என்கிறார் என்று எடுத்துக்கொள்வேன், இனிமேல் கேட்கமாட்டேன். கீழே அவன் பெயர், வீட்டு முகவரி, போன் நம்பர். அந்தக் கடிதத்தை அவருடைய மனைவி பங்காரம்மாவுக்குப் படித்துக்காட்டியது நான்தான்.

ஆட்டத்தை இறக்க இரண்டு நாள் ஆனது. எண்பது சதவீதம் வரும், லைன் அறுந்துவிடும், முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். ஒருவழியாக இறக்கி, துண்டு துண்டாக வெட்டி, பத்து ஃப்ளாப்பிகளில் ஏற்றி, செவ்வாய்க்கிழமையே இந்த வீட்டில் கொடுத்துவிட்டேன். புதன் ஆயுத பூஜை. வியாழன் விஜயதசமி. வெள்ளியன்று 'பார்க்கலாம்' என்றார். சனிக்கிழமை பொழுது சாய்ந்த பிறகுதான் 'போட்டு விடச் சொல்லு' என்றாராம். சத்தியத்துக்கும் ஆட்டத்துக்கும் நடுவில் ஒரு சந்து கண்டுபிடிக்க அவருக்கு அத்தனை நாள் தேவைப்பட்டிருக்கிறது.

காலையில் நான் வந்ததும் கம்ப்யூட்டர் இடமில்லை என்றது. வேண்டாத சிலதை அழித்தேன். ஏதோ ஒரு கோப்பு காணோம் என்றது. என் பையிலிருந்து எடுத்துப் போட்டேன். இதெல்லாம் தினமும் பார்க்கிற கோளாறுதான். ஆனால் படிக்க முடியாத டிஸ்க் என்றால் கதை வேறு. வெளியே இழுத்துப் பார்த்தேன். பத்து டிஸ்க்குகளின் லேபிள்களிலும் சந்தனமும் குங்குமமும் வைத்திருந்தது. அதைக் காலையிலேயே பார்த்திருந்தேன். ஆயுத பூஜை என்றால் அரிவாள்மனையிலிருந்து கார் வரைக்கும் பொட்டு வைக்கிற ஊர் இது. எங்கள் கடையில் மானிட்டர்களுக்கெல்லாம் விபூதிப் பட்டை அடித்ததே நான்தான். ஆனால் இந்த ஏழாவதின் ஓரத்தில் இருந்த தகரக் கதவை நகர்த்தியபோது, உள்ளே கறுப்புத் தகட்டின் மேலேயே சந்தனம் காய்ந்து பொருக்குத் தட்டியிருந்தது. நடுவில் சிவப்பாகக் குங்குமம்.

"யாருங்க இதைத் திறந்தது?" என்றேன். குரல் கொஞ்சம் ஓங்கித்தான் வந்தது.

காபி டம்ளரோடு நிலைவாசலில் நின்றிருந்த பங்காரம்மா அருகில் வந்து குனிந்தார். "நாந்தான் அம்மணி" என்றார் மெதுவாக. "எல்லாத்துக்கும் மேலதான் வெச்சேன். இதுல மட்டும் அந்தக் கதவைத் தள்ளி உள்ளார ஒரு பொட்டு வெச்சுபோட்டேன். இதுல இருந்துதான ஆட்டம் அவங்கிட்டப் போவுது. கூடவே குங்குமமும் போவட்டும்னு."

"ஏனுங்க, அதுக்கு ஏழாவதுதானா கெடச்சுது?"

"அவன் பொறந்தது ஏழாந்தேதி கண்ணு."

வாய் வரைக்கும் வந்த வசவை விழுங்கினேன். சுந்தரராஜுலுவின் பேப்பர் கொஞ்சம் கீழே இறங்கி, மறுபடி ஏறியது. காதில் விழாமல் இருக்க வழியே இல்லை. சுந்தரராஜுலு சர்க்கரைக்கு ஊசி போட்டுக்கொள்கிறவர் என்பதால் வீட்டில் ஸ்பிரிட்டும் பஞ்சும் இருந்தன. தகட்டை விரலால் சுற்றிச் சுற்றித் துடைத்தேன். பஞ்சு சிவந்துகொண்டே வந்தது. காயும் வரை ஊதினேன். பங்காரம்மாவும் பக்கத்தில் நின்று முந்தானையால் விசிறினார். போட்டால் மறுபடி அதே பெட்டி. சந்தேகத்துக்கு எட்டாவதைப் போட்டுப் பார்த்தேன். அதையும் படிக்கவில்லை. சந்தனம் டிரைவுக்குள்ளேயும் ஒட்டிக்கொண்டுவிட்டது.

கேபினெட்டைக் கழற்றினேன். ஒரு ஸ்குரூ கைநழுவி மேஜைக்கடியில் உருண்டது. நான் தேடுவதற்குள் சுந்தரராஜுலு எழுந்து வந்து, சலவைச் சட்டையோடு மண்டியிட்டு, அதை எடுத்துக் கொடுத்தார். டிரைவை வெளியே எடுத்து, உள்ளே இருந்த சின்ன முனையைப் பஞ்சால் தொட்டுத் தொட்டுத் துடைத்தேன். பஞ்சு இரண்டு முறை கீழே விழுந்தது. இது என் வீடில்லை, என் மகனில்லை, எனக்கு ஏன் இந்தப் பதற்றம் என்று என்னையே திட்டிக்கொண்டேன். மாட்டி முடித்து முதல் டிஸ்க்கிலிருந்து ஆரம்பித்தபோது எட்டு மணி ஆகிவிட்டது. ஹாலில் கடிகாரம் எட்டு அடித்ததை மூன்று பேரும் கேட்டோம். யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை.

ஒன்று, இரண்டு, மூன்று. டிஸ்க்கை மாற்றி மாற்றிக் கொடுத்தது பங்காரம்மா. ஏழாவது உள்ளே போனதும் அவர் கண்ணை மூடிக்கொண்டார். கோடு நகர்ந்தது. அறுபத்திரண்டு. அறுபத்திநாலு. "போவுதா?" என்றார். "போவுதுங்க" என்றேன். அறுபத்தாறில் ஒரு முக்கு முக்கி நின்றது. இப்போது வேறு பெட்டி. ஒரே ஒரு கோப்பு கெட்டிருக்கிறது. நிறுத்தவா, மறுபடி முயலவா, அதை விட்டுவிட்டு மேலே போகவா என்றது. நாலு தடவை மறுபடி முயன்றேன். எட்டே கால் தாண்டியது. கடை பூட்டிக் கிடக்கிறது. முதலாளி குடும்பத்தோடு ஆனைமலைக்கு மாசாணியம்மனைக் கும்பிடப் போயிருந்தார். இன்னொரு பிரதி எடுக்க வழியில்லை. விட்டுவிட்டுப் போ என்று அழுத்தினேன். தெரிந்தேதான் செய்தேன். ஓட்டைப் படகு என்றாலும் கரை சேர்ந்தால் போதும் என்று இருந்தது.

எட்டு முப்பத்தைந்துக்கு எல்லாம் ஏறி முடிந்தது. ஆட்டத்தைத் திறந்தேன். திறந்துகொண்டது! திரை முழுக்கப் பச்சைப்பசேலென்று மேஜை விரிந்தது. ஓரங்களில் ஆறு பைகள், வழவழவென்று ஒரு கோல். பங்காரம்மா என் தோளைப் பிடித்து அழுத்தினார். சுந்தரராஜுலு பேப்பரை மடித்து வைத்துவிட்டு வந்து என் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு நிதானமாகத் திரையைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார்.

"பந்து எங்கம்மா?"

பந்துகள் இல்லை. கெட்டுப்போன அந்த ஒரு கோப்பில்தான் மூன்று பந்துகளும் இருந்திருக்கின்றன. "சேர்ந்ததும் வந்துரும்னு நெனைக்கறேனுங்க" என்று எனக்கே நம்பிக்கையில்லாமல் சொல்லிவிட்டு, போன் ஒயரைப் பிடுங்கி, நான் கொண்டுவந்திருந்த மோடத்தில் குத்தி, கடைக் கணக்கில் டயல் செய்தேன். எங்கேஜ். மறுபடி. எங்கேஜ். ஞாயிற்றுக்கிழமை காலையில் இந்த ஊரில் வேறு யார்தான் இன்டர்நெட்டில் இருக்கிறார்கள்? மூன்றாவது முறை கீச்சென்று கத்தி, உறுமி, கடைசியில் சேர்ந்தது. எட்டு ஐம்பது. ஆட்டத்தில் இருவர் ஆடுவது என்பதைத் தேர்ந்தெடுத்தேன். ஒரு கோப்பைக் காணோம் என்று சொல்லி ஆட்டம் மூடிக்கொண்டது. திறந்தேன். மூடிக்கொண்டது. மூன்றாவது முறை கம்ப்யூட்டரே அசையாமல் நின்றது.

எட்டு ஐம்பத்து நாலு.

"சார், ஒரே ஒரு போன் போட்டு, கம்ப்யூட்டர் கோளாறுன்னு சொல்லிப்போடலாமுங்க. நானே பேசறேன். உங்க சத்தியத்துக்கு ஒண்ணும் ஆவாது."

அவர் தலையை ஆட்டினார். "வேண்டாம்மா. அமையல. உடு." எழுந்து, கழற்றிய கண்ணாடியைக் கையில் வைத்துக்கொண்டு, எங்கே போவது என்று தெரியாதவர்போல் நின்றார். எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தன. இரண்டு வருஷமாகக் கட்டிக்காத்த வீம்பு, இன்று காலை இரண்டு மணி நேரம் குழந்தைபோல் காத்திருந்துவிட்டு, மறுபடியும் வீம்பாகவே எழுந்து நிற்கிறது. இதைச் சொன்னால் வேலை போய்விடும் என்று வாயை மூடிக்கொண்டேன்.

"அம்மணி," என்றார் பங்காரம்மா. "அந்த ஒயரைப் புடுங்கி போன்ல குத்து."

நான் அவரைப் பார்த்தேன். அவர் தன் கணவரைப் பார்க்கவில்லை. குத்தினேன். டயல் டோன் வந்தது. நான் கடிதத்தைத் தேடி என் பையைத் துழாவுவதற்குள் அவர் ரிசீவரை எடுத்து எண்களை அழுத்தத் தொடங்கியிருந்தார். பூஜ்யம், பூஜ்யம், ஒன்று. எந்தத் தாளையும் பார்க்கவில்லை. பதின்மூன்று எண்களும் தடங்கலில்லாமல், பூத் தொடுப்பதுபோல், ஒன்றன்பின் ஒன்றாக விழுந்தன. சுந்தரராஜுலு அந்த விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர்கள் வீட்டுத் தெலுங்கில் ஏதோ கேட்டார். இந்த நம்பர் உனக்கு எப்படி என்று கேட்டிருக்க வேண்டும்.

"மனப்பாடம் பண்ணி வெச்சேன்," என்று பங்காரம்மா தமிழிலேயே சொன்னார். "ஒருநாளும் போட்டதில்லீங்க."

அதை நம்புவதா வேண்டாமா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. மறுமுனை எடுக்கப்பட்டது. பங்காரம்மா "யஷ்வந்து" என்றார். பிறகு தெலுங்கில் கடகடவென்று பேசினார். எனக்கு அரைகுறையாகத்தான் புரிந்தது. கெடுத்தது நான், குங்குமம் வைத்துக் கெடுத்துவிட்டேன், அப்பா விடிகாலையிலிருந்து குளித்துவிட்டு இங்கேயே உட்கார்ந்திருக்கிறார், வேண்டாம் என்று நினைத்துக்கொள்ளாதே. அதையே திரும்பத் திரும்பச் சொன்னார்.

சுந்தரராஜுலு தோட்டத்துக்குப் போகவில்லை. ஸ்டூலில் மறுபடி உட்கார்ந்தார். என் பக்கம் முழுசாகத் திரும்பிக்கொண்டார்.

"ஏம்மா சென்னி," என்றார். என் பெயர் அவருக்குத் தெரியும் என்பதே எனக்கு அப்போதுதான் தெரிந்தது. பக்கத்தில் இருப்பவளிடம் பேசத் தேவையில்லாத உரத்த குரல். "அடுத்த ஞாயித்துக்கெழமைக்குள்ள இந்த டிஸ்க்கை மாத்திப்போடலாமா?"

"மாத்திரலாமுங்க சார்."

"எட்டு மணிக்கே தயாரா இருக்கோணும்."

"இருக்குமுங்க."

பங்காரம்மா பேச்சை நிறுத்திவிட்டார். ரிசீவரைக் காதிலிருந்து எடுத்து, கையை எட்டும் மட்டும் நீட்டி, வாய்ப்பக்கத்தை அவரை நோக்கித் திருப்பிப் பிடித்தார். சுருள் ஒயர் இழுபட்டு நீண்டு நின்றது. சுந்தரராஜுலு அந்தப் பக்கம் பார்க்கவே இல்லை. என் முகத்தைத்தான் பார்த்தார்.

"செவப்புப் பந்தை அடிக்கறப்ப அவசரப்படக் கூடாதும்மா. எத்தனை தடவை சொல்லியிருக்கேன்," என்றார்.

நான் தலையாட்டினேன். மேலே மின்விசிறி முழு வேகத்தில் சுற்றிக்கொண்டிருந்தது. எனக்குக் கழுத்தெல்லாம் வியர்வை.

"குளுரு ஆரம்பிச்சிருக்குமே," என்றார் என்னிடம். "ஸ்வெட்டர் கிட்டர் போட்டுக்கறயா?"

எங்கள் இருவருக்கும் நடுவில், அந்தரத்தில் நீட்டியிருந்த ரிசீவருக்குள்ளிருந்து மூக்கை உறிஞ்சும் சத்தம் சின்னதாகக் கேட்டது.