சுண்ணாம்பு வாடை அடித்த கேசட்

1986 ஆவணியில் வெளிவந்த 'இறங்குலே' என்ற கேசட்டைத் திண்டுக்கல்லில் எந்த வீட்டில் போட்டாலும், அந்த வீட்டில் மூன்று நாளைக்குத் தோல் பதனிடும் ஷாப்பின் சுண்ணாம்புக் குழி வாடை அடித்தது. கேசட் விலை பதினெட்டு ரூபாய். வாடைக்குத் தனியாக எதுவும் வாங்கவில்லை.

கேசட்டை வெளியிட்டவன் ராயப்பராஜ். மாதா கோயில் பாடகர் குழுவில் கிடார் வாசித்துக்கொண்டிருந்தவன், கொடைக்கானலில் ஒரு வெள்ளைக்காரர் காலி செய்துவிட்டுப் போன வீட்டில் கிடைத்த கேசட்டுகளைக் கேட்டு ஹெவி மெட்டல் பக்கம் போய்விட்டான். ஊரில் அதற்குப் பேர் தகர டப்பாப் பாட்டு. அவனுடைய அண்ணன் ஞானராஜுக்குத் தோல் ஷாப்பில் வேலை. முந்தின வருஷம் சித்திரையில், குழியின் அடியில் சிக்கிய ஆட்டுத்தோலை எடுக்கச் சொல்லி முதலாளி அவரை இறக்கினார். விஷவாயு அடித்து ஞானராஜ் அங்கேயே முடிந்துபோனார். "குடிச்சுப்புட்டு விழுந்துட்டான்" என்றார் முதலாளி. ஞானராஜ் சாராயத்தைத் தொட்டும் பார்க்காதவர். ஆனாலும் ஊர் தலையாட்டியது. தலையாட்ட நம்மூருக்குச் சொல்லியா கொடுக்க வேண்டும்? அம்மா சவேரியம்மாள் கேட்டது ஒன்றுதான்: "எம்மவன் குடிக்கலன்னு அந்தாளு வாயால ஒருக்காச் சொல்லட்டும்."

அந்த ஒரு சொல்லை வாங்கத்தான் கேசட். ஞானராஜோடு வேலை பார்த்து, அவரைக் குழியிலிருந்து தூக்கிய தப்ரேஸ் டிரம்ஸ் வாசித்தான். செத்தவர் கையில் பிடித்திருந்த தோலை அவன் யாருக்கும் தெரியாமல் எடுத்து வைத்திருந்தான். அதையே டிரம்முக்கு இழுத்துக் கட்டினான். தப்பு அங்கேதான் நடந்தது. குழியில் ஊறிய தோலை மூன்று தண்ணீரில் அலச வேண்டும். தோல்காரன் மகன், தெரியாதவன் இல்லை. "மூணாந்தண்ணி விட்டா அண்ணன் கை பட்டதும் போயிருமேன்னு ரெண்டோட நிறுத்திட்டேன்" என்று பிறகு ராயப்பராஜிடம் சொன்னான். அடித்த அடியில் வாடை டேப்பில் ஏறிவிட்டது. ஆறு பாட்டு, ஆறிலும் ராயப்பராஜ் தொண்டை கிழியக் கத்தியது ஒரே வரி, 'இறங்குன்னு சொன்னது யாரு?'

வாடையைக் கண்டு ராயப்பராஜுக்கு நம்பிக்கை வந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் முதலாளி வீட்டு வாசலில் ஸ்பீக்கரை வைத்துப் போட்டான். தெருவே மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடியது. முதலாளி நாற்காலி போட்டு உட்கார்ந்து ஆறு பாட்டையும் கேட்டார். நாற்பது வருஷம் அந்த வாடையிலேயே சம்பாதித்த மூக்கு. அதற்கு ஒன்றும் தெரியவில்லை. "பாட்டு பரவால்லப்பா. சத்தத்தக் கொஞ்சம் கொறச்சுக்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். ராயப்பராஜ் அதற்குப் பிறகு கிடாரைத் தொடவில்லை. திருப்பூர் பனியன் கம்பெனிக்குப் போய்விட்டான்.

கேசட் மட்டும் விற்றது. நத்தம் மாந்தோப்புக்காரர்கள் வௌவால் விரட்ட வாங்கினார்கள். வீட்டுக்காரர்கள் குடியிருப்பவர்களைக் கிளப்ப வாங்கினார்கள். சத்தத்தைச் சுத்தமாகக் குறைத்தாலும் வாடை வந்ததால் பாட்டை ஒருத்தரும் கேட்கவில்லை. நினைத்தால் வயிறு எரிகிறது.

சவேரியம்மாள் மட்டும் தினமும் சாயங்காலம், ஞானராஜ் வேலை விட்டு வந்து குளிக்கிற ஆறு மணிக்கு, முழுச் சத்தத்தில் போட்டாள். அவள் வீட்டில் வாடை மூன்று நாள் தங்காது. வாசல் வழியாக வரும், நேராகக் கொல்லைக்குப் போகும். அங்கே அவள் சுட வைத்த அண்டாத் தண்ணீர் அரை மணியில் காலியாகும், வாடையும் போய்விடும். அதற்குள் அடுத்த வீட்டுக் காதர் பீவியைக் கூப்பிடுவாள். "செத்த மோந்து பாரு தாயி, சாராய வாடை அடிக்குதா?"

"இல்லக்கா. சுண்ணாம்புதான்."

1989 வாக்கில் யாரையும் கூப்பிட வேண்டியிருக்கவில்லை. தெருவே ஆறு மணிக்கு வந்து மோந்துவிட்டு, இல்லையென்று சொல்லிவிட்டுப் போனது. ஞானராஜ் குடித்திருந்தார் என்று போலீஸ் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட்ட நான்கு பேரும் வந்தார்கள். "இல்லத்தா, துளிகூட இல்ல" என்று அவர்களும் சொன்னார்கள். திரும்பிப் போகிற வழியில்தான் முதலாளி வீடு. அங்கே நின்று அதைச் சொன்னவர் ஒருத்தரும் இல்லை.