விளிம்பில் வெட்டிய பேர்

உயிரைப் பணயம் வைத்து வாங்கிய பதக்கத்துக்கு வெள்ளிப் பட்டறைக்காரர் போட்ட விலை எழுநூற்று இருபது. ரிப்பனுக்கு ஒன்றும் கிடையாதாம்.

"விக்க வரலைய்யா," என்றார் கிழ மாலுமி. "விளிம்புல இருக்கிற பேரை எடுத்துட்டு என் பேரை வெட்டணும். என்ன கேப்பே?"

"எடுக்க ஒரு கூலி, வெட்ட ஒரு கூலி. ஆமா, இது யாரு பேரு?"

"என் பேருதான்," என்றார் பக்கத்தில் நின்ற அவருடைய மச்சான், களவு பிடிபட்டவர்போல.

மச்சான் தையற்காரர், தொட்டித் தண்ணீருக்கே பயப்படுகிறவர். பிழைப்புத் தேடி இருவரும் ஒன்றாகத்தான் இந்தத் துறைமுகத்தில் வந்திறங்கினார்கள். அது போர்க்காலம். கப்பலில் வேலை பார்க்க அனுமதிக்கும், பேர் பதிந்த புத்தகம் மச்சானுக்குக் கிடைத்தது, மாலுமிக்குக் கிடைக்கவில்லை. புறப்படும் நாளில் மச்சானுக்குக் காய்ச்சல். புத்தகம் கைமாறியது, மச்சான் பேரில் மாலுமி கப்பலேறினார். கொதிகலனுக்குக் கரி அள்ளிப் போடுகிறவன் முகத்தை யார் உற்றுப் பார்க்கப்போகிறார்கள்? போர் முடிந்து பதக்கம் மச்சான் பேரில் வந்தது. உண்மையைச் சொன்னால் இருவரும் கம்பி எண்ண வேண்டியதுதான், வாயை மூடிக்கொண்டார்கள்.

போன வாரம், புதிதாக எழுத்துக்கூட்டக் கற்ற பேத்தி விளிம்பைப் படித்தாள். "தாத்தா, இது மாமா தாத்தாவோட மெடலா? நீ ஏன் வெச்சிருக்கே?"

அன்றிலிருந்து அவருக்குச் சோறு இறங்கவில்லை.

"தேய்க்கச் சொல்லு அத்தான்," என்றார் மச்சான். "இத்தனை வருஷமா நான் சும்மாவே வீரனா இருந்துட்டேன். போதும்."

அரம் வெள்ளியைத் தொட்டதும் 'ஸ்ஸ்' என்றது. கப்பல் குண்டடி பட்ட அன்று, கொதிகலன் அறையில் நீராவியும் அப்படித்தான் பேசியது. பட்டறையின் தரை மெல்லச் சாய்ந்தது. விளக்கு ஒருபக்கமாய்த் தொங்கியது. வெதுவெதுவென்று முழங்காலுக்குத் தண்ணீர், அதில் யாருடைய செருப்போ நிதானமாக உலாப்போனது. இருட்டில் தோளைத் தடவியே ஆளை அறிந்தார். ஒவ்வொருவராகச் சுமந்து இரும்பு ஏணியில் ஏற்றினார். ஆறு பேர். ஆறு பேரும் மச்சான் பேரைச் சொல்லித்தான் கும்பிட்டார்கள்.

ஏழாவது ஆள் அவரோடு ஒரே ஷிப்டில் கரி அள்ளிய கூட்டாளி. அவனிடம் மட்டும், ஒரு பீடியைப் பகிர்ந்த நேரத்தில், நிஜப் பேரைச் சொல்லியிருந்தார். அந்தப் பேரைச் சொல்லித்தான் கூப்பிட்டான். கை கைக்குள் வந்தது. எண்ணெய் வழுக்கியது. தண்ணீர் அந்தப் பேரையும் சேர்த்து விழுங்கிக்கொண்டது.

"நிறுத்துய்யா!"

பட்டறைக்காரர் நிமிர்ந்தார். "ஒரு எழுத்துகூடப் போகலையே. கூலி ஜாஸ்தியா?"

"அந்தப் பேரே இருக்கட்டும். என் பேரைச் சொல்லிக் கூப்பிட்டவனை நான் மேல கொண்டுவரலை. அதை எப்படி இதுல வெட்டுறது?"

மச்சான் பதக்கத்தை வாங்கி விளிம்பைத் திருப்பிப் பார்த்தார். பிறகு, "அப்ப அந்த ஆறு பேரும் என் கணக்கா? எனக்கு நீச்சலே தெரியாதே அத்தான்," என்று சிரிக்கப் பார்த்தார், கண் ஒத்துழைக்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் பேத்தியை மடியில் உட்காரவைத்து, புத்தகம் கைமாறியதிலிருந்து எல்லாவற்றையும் சொன்னார். கேட்டு முடித்தவள், தன் நோட்டில் நாக்கைக் கடித்துக்கொண்டு எழுதினாள்:

மாமா தாத்தா பேருக்கு வந்தவங்க ஆறு. தாத்தா பேருக்கு வர வேண்டியவர் ஒண்ணு.