ஏழு திரைகள்

அவர் முதன்முதலாக என் தையல் அறைக்கு வந்தபோது என் கணவர் உள்ளே ஓடி ஒளிந்துகொண்டார். "நான் வீட்ல இல்லன்னு சொல்லு" என்று போகிற போக்கில் சொன்னார். யாரோ தொல்லை பிடித்த பழைய நண்பர் என்று நினைத்து நானும் வாய் கூசாமல் சொன்னேன்.

வந்தவர் கோபப்படவில்லை. நாற்காலியில் உட்கார்ந்து என் மெஷினைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார், தெருப்பக்க ஜன்னலைப் பார்த்தார். எதிலும் அவசரம் கிடையாது. மனசுக்குள் அவருக்கு 'நிதானம்' என்று பெயர் வைத்தேன்.

"சரிம்மா, வந்தது வந்தேன், திரை தைக்கக் குடுத்துட்டுப் போறேன்" என்று துணியையும் ஒரு தாளையும் எடுத்து வைத்தார். தாளில் அளவுகள், ஒரு அடித்தல் திருத்தல் இல்லாமல். "ஏழு ஜன்னலுக்கு."

"புது வீடா சார்?"

"ஆமாம்மா. மொத்தம் எட்டு. ஒண்ணை அடைச்சிடலாம்னு இருக்கேன்."

அளவெல்லாம் எழுதி, தேதி போட்டு, சீட்டைக் கிழித்துக் கொடுத்தேன். கார்பன் நகல் என் புத்தகத்தில் நின்றது. திரைகளை வாங்க வந்த அன்றும் கணவர் உள்ளே ஒளிந்தார். தைத்ததை வாங்குகிறவர்கள் சீட்டைத் திருப்பித் தர வேண்டும், அது என் கடைச் சட்டம். நிதானம் சட்டைப் பையைத் தடவிவிட்டு, "சீட்டை வீட்லயே வெச்சுட்டேம்மா, அடுத்த தடவை தரேன்" என்றார். இவ்வளவு மரியாதையான மனுஷரிடம் என்ன பிடிவாதம் என்று விட்டுவிட்டேன். புத்தி கெட்டவள்.

கோர்ட் நோட்டீஸ் வந்த பிறகுதான் எனக்கு விஷயமே தெரிந்தது. தங்கையின் பிரசவத்துக்கு நான் போயிருந்த பத்து நாளில், கணவர் எங்கள் வீட்டை நிதானத்துக்கு விற்பதாக ஒப்பந்தம் எழுதிக் கொடுத்திருக்கிறார். பிறகு வேறொருவர் அதிக விலை சொன்னதும் மனசு மாறியிருக்கிறது. ஒப்பந்தக் கெடு முடியும்வரை கண்ணில் படாமல் இருந்தால் தப்பிவிடலாம் என்று நினைத்திருக்கிறார், மகா புத்திசாலி.

அன்று நான் போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டுக் கதவுகள் திறந்தன. கத்தி ஓய்ந்ததும் பயம்தான் மிஞ்சியது. இந்த வீடு போனால் என் பிழைப்பும் போகும். பதினெட்டு வருஷமாக அந்தத் தெருப்பக்க ஜன்னல் வெளிச்சத்தில்தான் ஊசி கோர்க்கிறேன்.

"கெடுவுக்குள்ள அவர் வரவே இல்லன்னு நான் எழுதிக் குடுத்திருக்கேன்" என்றார் கணவர். "அவரைப் பார்த்ததே இல்லன்னு நீயும் சொல்லிட்டா கேஸ் அத்தோட முடிஞ்சிடும்."

கார்பன் நகலைக் கிழித்து அடுப்பில் போட்டேன்.

சாட்சிக் கூண்டில் ஏறி, "இவரை நான் பார்த்ததே இல்லைங்க" என்றேன். நிதானம் என்னைப் பார்த்துச் சிரித்தார். கேலியாகச் சிரித்திருந்தால் தாங்கியிருப்பேன். திரைகளை வாங்கிக்கொண்டபோது சிரித்த அதே மரியாதையான சிரிப்பு.

அவருடைய வக்கீல் ஒரு சீட்டை நீட்டினார். "இது யார் எழுத்தும்மா?"

"என்னுதுதான்."

தேதி, கெடு முடிய ஆறு நாள் இருக்கும்போது போட்டது.

"அளவையும் படிங்க."

நாற்பத்தெட்டுக்கு அறுபது, மூன்று. முப்பத்தாறுக்கு நாற்பத்தெட்டு, இரண்டு. இருபத்துநாலுக்கு முப்பத்தாறு, இரண்டு. வக்கீல் எங்கள் வீட்டு வரைபடத்தைப் பக்கத்தில் விரித்தார். கூடம், படுக்கையறை, சமையலறை, குளியலறை, எல்லாம் அதே அளவு. ஊருக்கெல்லாம் அளவெடுக்கிற நான் என் வீட்டு ஜன்னலுக்கு டேப் வைத்ததே இல்லை.

"பாக்கிப் பணம் பாங்க்ல தயாரா இருந்ததுக்கு ஏற்கெனவே தாள் குடுத்திருக்கோம்" என்று வக்கீல் நீதிபதியிடம் சொன்னார். "வாங்க மனசில்லாதவர் அந்த வீட்டுக்குத் திரை தைப்பாரா? அதுவும் இந்தம்மா கையாலேயே?"

வெட்கத்தில் தலை நிமிரவில்லை எனக்கு.

வீட்டை எழுதிக் கொடுக்க வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. "நான் கையெழுத்துப் போட்டாத்தானே?" என்று கணவர் மீசையை முறுக்கினார். கோர்ட் கொடுத்த ஒரு மாதமும் பேனாவையே தொடவில்லை. அதன்பின் பதிவு அலுவலகத்தில் அவருக்குப் பதிலாகக் கோர்ட் ஊழியர் ஒருவர் கையெழுத்துப் போட்டார். அரை நிமிஷம்கூட ஆகவில்லையாம்.

இன்று பத்து மணிக்குச் சாவியைக் கொடுக்க வேண்டும். எட்டு மணிக்கே வாசலில் ஒரு வண்டி வந்து நின்றது. நிதானம் இறங்கினார், கையில் ஏழு திரைகள், நான் மடித்துக் கொடுத்த மடிப்புக்கூடக் கலையாமல்.

"அவசரமில்லம்மா. பத்து மணி வரைக்கும் இது உங்க வீடு. நான் வெளியவே நிக்கிறேன்."

அவருக்குப் பின்னால் கொத்தனார் செங்கல்லை இறக்கி என் ஜன்னலுக்கு வெளியே அடுக்க ஆரம்பித்தார். அப்போதுதான் எனக்கு எட்டாவது ஜன்னல் எதுவென்று உறைத்தது. எழுந்திருக்க மனசில்லை. மெஷின் முன்னாலேயே உட்கார்ந்து, சும்மா ஒரு நூலை எடுத்து ஊசியில் கோர்த்துப் பார்த்தேன். செங்கல் அடுக்கு ஜன்னலின் பாதிக்கு மேல் ஏறியிருந்தது. ஊசியின் காது தெரியவில்லை.