இடப்பக்கம் சாய்ந்து சிரிக்கவும்

...சரி, காபி வாங்கி வந்ததைக்கூட மன்னித்துவிடலாம், ஆனால் ஒவ்வொருவருக்கும் இரண்டு கையாலும் நீட்டி, குனிந்து, யாருக்குச் சர்க்கரை வேண்டாம், யாருக்குப் பால் வேண்டாம் என்று மனப்பாடமாகத் தெரிந்துவைத்திருக்கிறாளே, இந்த மாதிரிப் பெண்கள் ஒன்று வங்கி மேலாளர் ஆவார்கள் அல்லது கொலைகாரி ஆவார்கள், இடையில் எதுவும் ஆகமாட்டார்கள் என்று நினைத்தபடியே ஹ்யோஜூ அந்தக் காபியைக் குடித்தாள், நன்றாகவே இருந்தது, அதுவும் எரிச்சலாக இருந்தது. ஒத்திகை அறையில் முன்வரிசை நடு நாற்காலி அவளுடையது, துடைத்துவிட்டுத்தான் உட்காருவாள், பன்னிரண்டு வருடப் பழக்கம், இந்த டிவி நகைச்சுவை நிகழ்ச்சியில் அவளைவிட மூத்த பேட்ச் என்று யாரும் மிச்சமில்லை, செத்தவர்கள் போக மற்றவர்கள் கோழிக்கடை வைத்துவிட்டார்கள். மடியில் குண்டு வேஷத்துக்கான பஞ்சு வயிறு. மடியில் என்ன மடியில், மாட்டியே விட்டார்கள், பின்பக்கம் மூன்று பட்டை இழுத்துக் கட்டி, உள்ளே வியர்த்து ஊற்றுகிறது. இந்த ஸ்கிட்டில் வயிறு கிடையாது என்று எழுதியதே அவள்தானே, வெறும் முகம், சாதாரணக் கோட்டு, ஒரு பெண் கல்யாணத் தகவல் நிறுவனத்துக்குப் போகிறாள், அவர்கள் அவளுக்கு மதிப்பெண் போடுவதற்கு முன் அவள் அவர்களுக்குப் போடுகிறாள், அவ்வளவுதான், சுத்தமான ஸ்கிட். இயக்குநர் கூக் படித்துவிட்டு, "பிரமாதம் அக்கா, ஆனா வயிறு இருந்தா நல்லா இருக்கும், கடைசில நாற்காலி உடையட்டும்" என்றான். அவன் அவளைவிட இரண்டு வயது சின்னவன், நல்ல செய்தி என்றால் 'ஹ்யோஜூ', கெட்ட செய்தி என்றால் 'அக்கா'. போன மாதம் அவளுடைய மாமியார் ஸ்கிட்டை நிறுத்தியபோது ஒரே மூச்சில் நான்கு தடவை அக்கா.

ஒரே ஒரு இடம்தான் காலி, அதுதான் இன்றைய விஷயம், இன்று திங்கட்கிழமை, திங்கட்கிழமை இந்த அறையில் புதிய ஸ்கிட்டுகளை எல்லாரும் போட்டுக்காட்ட வேண்டும், கூக் தேர்ந்தெடுப்பது புதன்கிழமை ஜனங்கள் முன்னால் பதிவாகும், ஞாயிறு ஒளிபரப்பாகும், தேர்வாகாதவள் ஞாயிற்றுக்கிழமை வீட்டில் படுத்துக்கொண்டு மற்றவர்களைப் பார்க்கலாம். இந்தப் பருவம் முழுக்க பார்க்கலாம். அதற்கப்புறம் யாராவது அவளை அடையாளம் கண்டுபிடித்து, "நீங்க டிவில வருவீங்கல்ல?" என்பார்கள், வருவீங்கல்ல இல்லை, வந்தீங்கல்ல... இறந்தகாலத்துக்கு எவ்வளவு நாள் பிடிக்கும், ஒரு குளிர்காலம்? தொலைக்காட்சி நிலையம் நகைச்சுவை நடிகர்களை எடுக்கும் தேர்வை மூன்றாவது முறை எழுதித்தான் உள்ளே வந்தாள், ஒரு வருடம் தேறியவர்கள் ஒரு பேட்ச், தேர்வுக் குழுவில் இருந்த ஒரு கிழவர், "இந்த மூஞ்சிக்கு ஸ்க்ரிப்டே தேவையில்லம்மா" என்றார், பாராட்டு என்று நினைத்துக் குனிந்து வணங்கிவிட்டு வந்தாள், சுரங்க ரயில் வெளியே வந்து ஹான் நதியைத் தாண்டும்போதுதான் புரிந்தது. முதல் வருடம் பன்றிக்கால் தின்றாள், இரண்டாம் வருடம் ஈரக் கடல்பாசியால் கன்னத்தில் அறை வாங்கினாள், மூன்றாம் வருடம் அதையே இன்னும் பெரிய பாசியால் வாங்கினாள், இதற்குப் பெயர் வளர்ச்சி. சொந்த ஊர் டேஜானில் அம்மா பொதுக்குளியல் வீட்டில் பெண்களிடம், "டிவிக்காக அப்படி மேக்கப் போடுறாங்க, நேர்ல என் பொண்ணு நல்லா இருப்பா" என்று சொன்னாளாம், "அம்மா, அவங்க என்னை நேர்ல பாத்திருக்காங்களே" என்றதற்கு, "அதனாலதாண்டி அடிச்சு சொல்ல வேண்டியிருக்கு" என்றாள்.

பக்கத்தில் தல்சு சோற்றைச் சுருட்டிய கிம்பாப் தின்றுகொண்டிருந்தான், அவளுக்கு அடுத்த பேட்ச், எள்ளெண்ணெய் வாசனை, 'போதும்னா இன்னும் கொஞ்சம்னு அர்த்தம்' என்று ஒரு வருடம் நாடு பூராவும் குழந்தைகள் சொல்லித் திரிந்தார்களே, அந்த வசனம் தல்சுவுடையது, அதாவது தல்சு வாயுடையது, எழுதியவள் அவள், கழிவறை வரிசையில் நின்றபடி எழுதினாள், அவன் அதைச் சொல்லி வறுத்த கோழிக்கு விளம்பரம் செய்தான், விருது மேடையில் கடவுளுக்கு நன்றி சொன்னான், மனைவிக்குச் சொன்னான், கோழிக்குச் சொன்னான். "ஒண்ணு எடுத்துக்கயேன், உன் வயித்துக்கு இதெல்லாம் எம்மாத்திரம்" என்று பஞ்சைத் தட்டினான், அவள் எடுத்துக்கொண்டாள், கோபத்தில் பசிக்கும்.

காபி வாங்கி வந்த அந்த யேரின் நடுவில் வந்து நின்றாள். இருபத்தாறு வயது, சின்ன முகம், வயிறு கட்டாத வயிறு, அவளோடு இரண்டு கடைசி பேட்ச் பையன்கள், "ஸ்கிட்டோட பேரு, சிரிப்பு வகுப்பு" என்றாள். இருக்கட்டும், எந்த வகுப்பாக இருந்தாலும் சிரிக்கப் போவதில்லை என்று ஹ்யோஜூ நேற்றே முடிவு செய்திருந்தாள், அது போதும், ஏனென்றால் இந்த அறையில் முன்வரிசை நடு நாற்காலி சிரிக்காமல் பின்னால் ஒருவரும் சிரிக்கக் கூடாது, பேட்ச் வரிசைப்படிதான் சிரிப்பு இறங்கும், கூக்குக்கும் அது தெரியும், அவன் வலது ஓரத்தில் உட்கார்ந்து ஸ்கிட்டைப் பார்க்கவே மாட்டான், முன்வரிசையைத்தான் பார்ப்பான். புதிய பேட்ச் ஒவ்வொன்றுக்கும் முதல் வாரமே அவள்தான் இதைச் சொல்லிக்கொடுப்பாள், சீனியர் ஜோக் முடித்ததும் இரண்டு கைத்தட்டு, வாயை மூடிக்கொண்டு, இடப்பக்கம் இருப்பவர்மேல் சாய வேண்டும், இடப்பக்கம் மட்டும், அப்போதுதான் வலது ஓரத்தில் இருக்கிற இயக்குநருக்கு எல்லாரும் சாய்வது தெரியும். பன்னிரண்டு வருடத்தில் இந்த அறையில் ஒருவரும் வலப்பக்கம் சாய்ந்ததில்லை, இது ஒழுக்கம்.

அப்புறம் யேரின் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு, உட்காருவதற்கு முன் அதைத் துடைத்தாள். கைக்குட்டையால், முதலில் முதுகுப்பக்கம், பிறகு ஆசனம், பிறகு கைக்குட்டையை மூன்றாக மடித்து... முகவாயைத் தூக்கினாள். இவள் என்ன செய்கிறாள், இது என்ன, இது யார்? "பல்லு தெரியுது," என்றாள் யேரின் ஒரு பையனிடம், "பல்பொடி விக்க வந்தியா? மூடு." அறையில் சத்தமே இல்லை. எல்லாப் பார்வையும் தன் பின்னங்கழுத்தில் வந்து உட்காருவதை ஹ்யோஜூ உணர்ந்தாள். பையன் கேட்டான், "அக்கா, ஜோக் முடிஞ்சுதுன்னு எப்படித் தெரியும்?" "நான் சிரிப்பேன்." "உங்களுக்குத் தும்மல் வந்தா?" "முதல்ல விழுந்து சிரி. அப்புறம் எழுந்து உடம்பைப் பாத்துக்கோங்கன்னு சொல்லு."

சிரித்தால் இடம் அவளுக்குப் போய்விடும். சிரிக்காவிட்டால், குத்திவிட்டது, பாவம், அது தான்தான் என்று அவளுக்கே தெரிந்துவிட்டது என்று இந்த முப்பது பேரும் இன்று சாயங்காலம் சோஜு குடிக்கும்போது பேசுவார்கள், குடிப்பதற்கு முன்பே பேசுவார்கள். இதில் எது மலிவு? இந்தச் சிறுக்கி யோசித்துத்தான் செய்திருக்கிறாள், காபிக்காரி, சர்க்கரை வேண்டாமா என்று கேட்டபோதே பார்த்திருக்கிறாள், அளவெடுத்திருக்கிறாள். ஹ்யோஜூ முகத்தைக் கல்லாக வைத்துக்கொண்டாள், அதற்கு ஒரு வித்தை உண்டு, நாக்கை மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டு, பற்றவைத்த அடுப்பை அணைத்தோமா என்று யோசிக்க வேண்டும், அணைத்தேனா, அணைத்தேன், கேஸை மூடினேனா... யேரின் வேடம் மாற்றாமலே ஓரமாகப் போனாள், இப்போது பையன் மட்டும் மருத்துவமனையில், வகுப்பில் நன்றாகத் தேறிவிட்டவன், இன்னொரு பையன் மருத்துவர், முகம் தொங்கிப் போய், "மனசைத் திடப்படுத்திக்கோங்க. ஆறு மாசம்தான்" என்றான். பையன் கைகளைத் தூக்கினான், தட்டப் போனவன் நிறுத்தினான், இடப்பக்கம் பார்த்தான், யாருமில்லை, மெதுவாக, மிகுந்த மரியாதையோடு கேட்டான்: "மன்னிக்கணும் டாக்டர்... நீங்க எந்த பேட்ச்?"

அடுப்பு போய்விட்டது, கேஸ் போய்விட்டது. அடிவயிற்றில் எங்கோ ஒன்று கிளம்பியது, ஐயோ, இது நல்ல வசனம், இது என்னைப் பார்த்து எடுத்ததில்லை, இது புதுசு, இதற்குப் பேர்தான் வசனம், இதை நான் அல்லவா எழுதியிருக்க வேண்டும், பன்னிரண்டு வருடம் இந்த அறையில் உட்கார்ந்திருந்தவள் நான், சாகப்போகிறவன் பேட்ச் கேட்கிறான், இது என் கண்முன் தினமும் கிடந்ததே, காலில் இடறிக் கிடந்ததே, நான் கடல்பாசி தேடிக்கொண்டிருந்தேனே... உதட்டைக் கடித்தாள், இரத்தம் வந்ததோ என்னவோ, முகம் அசையவில்லை, ஒரு நூல்கூட அசையவில்லை, அவளுக்கே பெருமையாக இருந்தது. பின்னால் முப்பது பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள், யாரோ ஒருவன் இருமலாக மாற்றிக்கொண்டான். தல்சு கிம்பாப்பைப் பாதியில் நிறுத்தியிருந்தான். யேரின் முடித்து, அமைதியைப் பார்த்துக் குனிந்து வணங்கினாள், காதுகள் மட்டும் சிவந்திருந்தன. கூக் எதையோ கிறுக்கினான். செத்தது, என்று ஹ்யோஜூ நினைத்தாள், வாயில் ஏன் கசக்கிறது, காபி.

தன்னுடையதை நன்றாகத்தான் செய்தாள். கல்யாண நிறுவனத்துக்காரன் கேள்வி கேட்டான், அவள் மதிப்பெண் போட்டாள், முதல் வசனத்துக்கே அறை சிரித்தது, இரண்டு கைத்தட்டு, இடப்பக்கம். இரண்டாவது வசனம், இரண்டு கைத்தட்டு, இடப்பக்கம். காற்றில் வயல் சாய்கிற மாதிரி முப்பது பேரும் ஒன்றாகச் சாய்ந்து ஒன்றாக நிமிர்ந்தார்கள், ஒருவருக்கும் பல் தெரியவில்லை. மூன்றாவது வசனத்தை அவள் வேண்டுமென்றே விழுங்கினாள், சொல்லவே இல்லை, சும்மா நின்றாள். இரண்டு கைத்தட்டு. இடப்பக்கம். எல்லாரையும்விட அழகாகச் சாய்ந்தது யேரின்தான். அப்புறம் நாற்காலி உடைந்தது, திட்டப்படி.

கூக் எழுந்தான், கழுத்தைச் சொடுக்கினான், "அந்த இடம் சிரிப்பு வகுப்புக்கு" என்றான். பிறகு அவளைப் பார்த்து, "அக்கா..." அவ்வளவுதான், புரிந்துவிட்டது, பஞ்சுப் பட்டையைப் பின்னால் கைவிட்டு அவிழ்க்க ஆரம்பித்தாள். "யாருமே சிரிக்கலயே டைரக்டர்" என்றான் தல்சு, அவளுக்காகவா, தனக்காகவா, இவனுக்கு என்ன. "நான் எங்க மூஞ்சியைப் பாத்தேன்?" என்றான் கூக். "பேட்ச் கேட்டான் பாரு, அப்ப அக்காவோட வயிறு குலுங்குன குலுங்குல பின்பட்டை அறுந்துடும்னு நினைச்சேன். பன்னண்டு வருஷமா அக்கா மூஞ்சி என்கிட்ட பொய்தான் சொல்லுது, பஞ்சுக்கு அது தெரியாது." யாரும் சிரிக்கவில்லை, இயக்குநர் எந்த பேட்சிலும் சேராதவர், எப்படிச் சிரிப்பது என்று அவர்களுக்கு அவள் சொல்லிக்கொடுக்கவில்லை. "இன்னொண்ணு அக்கா, அந்த சீனியர் வேஷத்தை நீங்களே பண்ணுங்க. யேரின் எழுதட்டும், நீங்க நடிங்க. வயிறு வேண்டாம்."

வயிறு வேண்டாம். பன்னிரண்டு வருடம் அவள் கேட்ட ஒன்று, அதை இப்படித் தூக்கி எறிகிறான், நாய்க்கு எலும்பு மாதிரி, அதுவும் இன்னொருத்தி சமைத்த எலும்பு. மாட்டேன் என்று சொல்ல வேண்டும், இப்போதே, இந்தப் படியிறங்குவதற்குள்... தாழ்வாரத்தில் காபி இயந்திரத்துக்குப் பக்கத்தில் யேரின் காபி குடித்துக்கொண்டு நின்றிருந்தாள், அவளைக் கண்டதும் நேராக நிமிர்ந்தாள். "அது நான்தானே?" என்றாள் ஹ்யோஜூ. யேரின் கண்ணைத் தாழ்த்தினாள். "ஸ்கிட் முடிஞ்சதுலேர்ந்து மூணு பேர் வந்து சண்டை போட்டுட்டாங்கக்கா, அது தாங்கதான்னு. தல்சு அண்ணன்கூட, நாற்காலி துடைக்கிறது என்னைப் பாத்துத்தானேன்னு கேட்டாரு." தல்சுவா? தல்சு நாற்காலியைத் துடைத்ததை யார் பார்த்தது, எச்சில் கையை நாற்காலியில் துடைப்பவன் அவன், இதையுமா எடுத்துக்கொள்வான், வசனம் போனது, கோழி போனது, இப்போது கைக்குட்டையுமா? "நாற்காலி என்னுது" என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு. "சரிக்கா." "நாலா மடிக்கிறதும் என்னுது." "தெரியும்க்கா." "நீ மூணாத்தான் மடிச்ச. இன்னொண்ணு, டாக்டர் வசனம். பையன் 'மன்னிக்கணும் டாக்டர்'னு சொன்னதும் பேட்ச் கேக்கக் கூடாது. முதல்ல அவன் சுவத்துல தொங்குற அந்த டாக்டரோட பட்டத்தைப் படிக்கணும். வருஷத்தைத் தேடணும். அப்புறம் கேக்கட்டும்."

யேரின் ஒரு கணம் அவளையே பார்த்தாள், பிறகு ஏதோ உடைந்த மாதிரி ஒரு சத்தம் வந்தது அவளிடமிருந்து, பன்றி உறுமுவதுபோல, காபி மூக்கில் ஏறியது, எல்லாப் பல்லும் தெரிய, கைதட்ட மறந்து அப்படியே சரிந்தாள், வலப்பக்கம், அங்கே ஒருவருமில்லை, காபி இயந்திரம்தான் இருந்தது, அதில் தோள் இடித்து, "ஐயோ, மன்னிச்சுக்கோங்கக்கா" என்று வாயைப் பொத்திக்கொண்டு இன்னும் சிரித்தாள். வலப்பக்கம். பன்னிரண்டு வருடத்தில் முதல்முறை ஒருத்தி... ஹ்யோஜூவுக்கு நெஞ்சுக்குள் ஏதோ இளகியது, கண்கூடக் கொஞ்சம், படியிறங்கத் திரும்பினாள், பஞ்சு வயிறு அக்குளில் இடித்தது, மாட்டேன் என்று இன்னும் சொல்லவில்லையே, நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம், மூன்றாவது படியில் கால் நின்றது. இந்தப் பெண்ணுக்கு, யாருக்குச் சர்க்கரை வேண்டாம் என்பதுவரை தெரியும், யாருக்கு வலப்பக்கம் வேண்டும் என்பது மட்டும் தெரியாதா?