பள்ளிக்கூடச் சமையலறை

மெக்சிகோவின் சியாபாஸ் மலையில் இருக்கும் எங்கள் ஊருக்கு நொயேமி ஆவணப்படம் எடுக்க வந்தபோது, காந்தெலாரியாவின் வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்திருந்தார்கள். சர்க்கரை நோய். சந்தையில் பீன்ஸும் பூசணியும் விற்றவள், தன் பசிக்கு மட்டும் நாள் முழுக்கச் சர்க்கரை போட்ட கலர் சோடாதான் குடித்தாள். வெட்டிய காலைப் படம் பிடிக்கச் சம்மதித்தவள் ஒரு நிபந்தனை வைத்தாள்.

"மெக்சிகோ நகரத்துக்காரங்க அப்புறம் பாக்கட்டும். மொதல்ல எங்க ஊர்ல போடு."

நான்கு வருடம் கழித்து, நான் வாத்தியாராக இருக்கும் பள்ளியின் முற்றத்தில் திரை கட்டிப் படத்தைப் போட்டாள் நொயேமி. பாதிப் பேர் அழுதார்கள். முடிந்ததும் மூன்று பிள்ளைகளின் தாயான எவுலாலியா எழுந்தாள்.

"எல்லாம் சரிக்கா. குழாயில பதினஞ்சு நாளைக்கு ஒருக்காத்தான் தண்ணி. கடையில தண்ணி பாட்டிலவிட சோடா வெல கம்மி. நாளைக்குக் காலையில என் புள்ளைங்களுக்கு என்னத்தக் குடுக்கறது?"

நொயேமி கிளம்பிப் போகவில்லை. தெரிந்தவர்களிடமெல்லாம் கேட்டுப் பள்ளியிலேயே ஒரு சமையலறை திறந்தாள். சோள ரொட்டி, பீன்ஸ், சௌசௌ, வடிகட்டிய தண்ணீர். எவுலாலியா அடுப்பைப் பார்த்துக்கொண்டாள். காந்தெலாரியா சக்கர நாற்காலியில் உட்கார்ந்து பீன்ஸில் கல் பொறுக்கினாள். ஐந்து மாதம் நடந்தது.

பிறகு சோடாக் கம்பெனி ஆட்கள் வந்தார்கள். முற்றத்துக்குக் கூரை போட்டுத் தருவார்களாம். அதற்குப் பதில், சமையலறை இருக்கும் இடத்தில் அவர்களுடைய கடை வர வேண்டும். பள்ளிக் குழுவின் தலைவன் காந்தெலாரியாவின் மகன் அமராந்தோ.

"உங்க அம்மா காலப் பாத்துமா தம்பி?" என்றாள் நொயேமி.

"தெனம் அம்மாவத் தூக்கிக் குளிக்க வைக்கிறவன் நான். எனக்குத் தெரியாதாக்கா? ஆறு மாசம் மழை. புள்ளைங்க ஈரத்துல ஒக்காந்து இருமுதுங்க. எத்தன மனு போட்டோம். நீங்க போட்டுத் தர்றீங்களா கூரை?"

கூரைக்குச் சம்மதம் உள்ளவர்களைக் கை தூக்கச் சொன்னார்கள். எவுலாலியா தூக்கினாள், நொயேமியின் முகத்தைப் பார்க்காமல். நானும் தூக்கினேன். காந்தெலாரியா தூக்கவில்லை, எதிர்த்தும் ஒரு வார்த்தை பேசவில்லை.

சமையலறை மூடிய அந்த மழைக்காலத்திலேயே அவளுடைய சிறுநீரகம் நின்றுபோனது. ரத்தம் சுத்திகரிக்க நான்கு மணி நேரம் வண்டியில் போக வேண்டும். இரண்டு தடவை போனாள். மூன்றாவது தடவை, "என்னை விட்டுடுங்கடா" என்றாள்.

சாவு வீட்டில் எங்கள் வழக்கப்படி தலைமாட்டில் சோடா வைத்து, வந்தவர்களுக்கும் ஊற்றிக் கொடுத்தார்கள். நொயேமிக்கு அமராந்தோவே கொண்டுவந்து நீட்டினான்.

"தப்பா நெனைக்காதீங்கக்கா. வீட்டுல வேற ஒண்ணும் இல்ல."

வாங்கி, நின்றபடியே முழுவதையும் குடித்தாள். மத்தியான வண்டியில் ஊரைவிட்டே போய்விட்டாள்.

படத்தை இன்னும் வெளிநாடுகளில் போடுகிறார்களாம், எழுந்து நின்று கை தட்டுகிறார்களாம். நொயேமி எந்தத் திரையிடலுக்கும் போவதில்லை என்று கேள்வி.