மெத்தைக் கடையில் என் மனைவி

மெத்தைக் கடைக் கண்ணாடிக்குப் பின்னால் என் மனைவி தூங்கிக்கொண்டிருந்தாள். நடைபாதையில் நின்று வேடிக்கை பார்த்தவர்களில் நானும் ஒருவன். தூங்குவதுதான் அவளுக்கு உத்தியோகம். கண்ணை மூடிப் படுத்திருந்தால் போதும் என்றுதான் முதலாளி வேலைக்கு வைத்தார். இவள் நிஜமாகவே தூங்கத் தொடங்கிவிட்டாள். சாயங்கால வெயில் கண்ணாடி வழியாக இறங்கி, போர்வை மேல் மெல்ல நகர்ந்து, அவள் கன்னத்துக்கு வந்தது. தெருவில் போகும் பஸ்களின் நிழல் அவள் மேல் ஏறி இறங்கிப் போயிற்று. எதற்கும் அவள் அசையவில்லை.

வீட்டில் அவளுக்குப் பொட்டுத் தூக்கம் கிடையாது. இத்தனைக்கும் அதே ரக மெத்தையை அவள் மூலமாகவே தவணையில் வாங்கிப் போட்டிருக்கிறேன். புதுசு அழுக்காகிவிடுமே என்று பிளாஸ்டிக் உறையை மட்டும் பிரிக்கவில்லை. புரண்டால் சரசரக்கும். அதனால் ஆளுக்கொரு ஓரத்தில் கட்டையாகக் கிடப்போம். கொஞ்ச நேரத்தில் அவள் எழுந்துபோய் ஜன்னலோரம் உட்கார்ந்துகொள்வாள். நேற்று மனசைக் கல்லாக்கிக்கொண்டு உறையைக் கிழித்துவிட்டேன். அவள் மெத்தையைத் தொட்டுப் பார்த்தாள்.

"நான் கடையிலயே தூங்கிட்டு வந்துட்டேங்க. நீங்க தூங்குங்க."

விருந்தாளியிடம் பேசுவதுபோல அவ்வளவு மரியாதை. எனக்குப் பயம் வந்துவிட்டது. அவள் கையைவிட்டுப் போய்க்கொண்டிருக்கிறாள் என்று பட்டது. அதனால்தான் இன்று மிக்சி ரிப்பேர் கடையைப் பாதியில் பூட்டிவிட்டு இங்கே வந்து நின்றேன்.

கடைக்குள் போனேன். அங்கே ஒருவர் முதலாளியிடம் குறைப்பட்டுக்கொண்டிருந்தார்.

"அந்தம்மா தூங்குறதப் பார்த்துதான் வாங்கினேன். எனக்குத் தூக்கமே வரமாட்டேங்குது."

"மெத்தை பழகணும் சார்."

"பழகிப் பார்த்தாச்சு. அந்தம்மா படுத்திருக்கிற மெத்தையையே குடுத்துடுங்க."

முதலாளி ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. "அது இன்னும் ஒரு ரகம் மேல சார்" என்றார். எல்லாம் ஒரே ரகம்தான், எனக்குத் தெரியாதா? வயிறு எரிந்தது. அந்த மனிதர் மேலா, மெத்தை மேலா என்றுதான் புரியவில்லை.

"உங்களுக்கு?" என்று முதலாளி என் பக்கம் திரும்பினார். அவருக்கு என்னை யாரென்று தெரியாது. புருஷன் என்று சொல்ல வாய் வரவில்லை.

"படுத்துப் பார்க்கணும்."

அவர் கைகாட்டியது பின்னால் கிடந்த மெத்தையை. நான் செருப்பைக் கழற்றிவிட்டுக் கண்ணாடிப் பக்கம் போய், மேடையில் ஏறி, அவள் பக்கத்தில் படுத்தேன்.

அவள் கண் திறக்கவில்லை. கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டாள். பிறகு கையைத் தூக்கி என் மார்பில் போட்டாள். கல்யாணமான புதிதில் அப்படிப் போடுவாள்.

"வந்துட்டீங்களா?" என்றாள் தூக்கத்திலேயே.

என்னைத்தான் கேட்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன்.

முதலாளி பதறிக்கொண்டு ஓடிவருவது கேட்டது. பாதி வழியில் சத்தம் நின்றது. அரைக்கண்ணால் பார்த்தேன். நடைபாதையில் கூட்டம் இரண்டு மடங்காகியிருந்தது. ஜோடி ஜோடியாக நின்று ஒருவரையொருவர் இடித்துக் காட்டிக்கொண்டிருந்தார்கள். முதலாளி மூச்சுக்கூட விடாமல் குனிந்து, போர்வையை என் மேலும் இழுத்துவிட்டு, விலைச்சீட்டை எங்கள் இருவர் காலுக்கும் நடுவில் நிமிர்த்தி வைத்தார்.