அனுப்பாத விண்ணப்பம்

பிரிக்ஃபீல்ட்ஸ் தனியார் கல்லூரி ஒன்றில் குமுதா நிர்வாக அதிகாரி. பாடம் நடத்த அமைச்சு தரும் பெர்மிட் கிடைக்கவில்லை என்று சொல்லி, விரிவுரையாளர் தெய்வானையை வேலையிலிருந்து நீக்கியது கல்லூரி. உண்மையில், கல்லூரி முதல்வர் தடுத்ததால் குமுதா பெர்மிட் விண்ணப்பத்தை அனுப்பவே இல்லை.

தெய்வானை வழக்குப் போட்டார். தொழிலியல் நீதிமன்ற வாசலில், கல்லூரியின் சாட்சியாக வந்திருந்த குமுதாவின் தோளைத் தொட்டார்.

“உன்னையும் இழுத்துட்டாங்களா? பயப்படாத லா, தெரிஞ்சத சொல்லு.”

கல்லூரி சொல்லிக்கொடுத்த பொய் குமுதாவின் வாயில் வரவில்லை. சாட்சிக் கூண்டில் உண்மையைச் சொல்லிவிட்டாள்.

வெளியே வந்ததும், “மன்னிச்சிருங்க அக்கா” என்றாள்.

“நான் கேட்டப்பல்லாம், பெர்மிட் வந்துரும் அக்கான்னு சொன்னியே, குமுதா.”

சில மாதங்களில் தெய்வானை வழக்கில் ஜெயித்தார். வாழ்த்துச் சொல்லக் குமுதா போன் செய்தாள். அவர் எடுக்கவில்லை. மறுபடி கூப்பிட அவளுக்குத் துணிவில்லை.